தொண்டை கட்டிய நாள்

அடிஸ் அபாபாவில் வண்டி ஏறும் முன்பே
வுபித் கையை விரித்துவிட்டாள்.
நேற்று தம்பி கல்யாணத்தில்
குலவையிட்டுக் குலவையிட்டுத் தொண்டை கட்டிக்கொண்டது.
வெறும் காற்றுதான் வருகிறது.
"நீ சொல்லு, குடேடா" என்றது அந்தக் காற்று.

நான் ஓட்டுநர்.
ஒன்பது வருடமாக இதே தெற்குச் சாலை,
மூன்றாம் கியரில் மட்டும் முனகும் இதே டொயோட்டா.
அவள் பேச்சை முதுகால் கேட்டே பழகியவன்.
எந்த வளைவில் எந்த நூற்றாண்டு வரும் என்று
ஸ்டியரிங்குக்கே தெரியும்.

சொன்னேன்.
ஆவாஷ் பாலம் தாண்டும்போது:
கல்லைக் கல்லால் தட்டிக் கோடரி செய்தவர்கள்
இந்தக் கரையில் உட்கார்ந்திருந்தார்கள்.
அதாதி மரியமில்: பாறையைக் குடைந்த கோயில்,
செருப்பைக் கழற்றுங்கள், குனியுங்கள், தலை இடிக்கும்.
ஃபின்லாந்துக்காரர் குனியவில்லை.
அவர் மனைவி சிரித்த சிரிப்பு
இருட்டில் ஒவ்வொரு தூணாகத் தொட்டுவிட்டுத்
திரும்பி வந்தது.

டியாவில் நான் இறங்குவதே இல்லை.
வேலியோரம் நிறுத்துவேன், டயரை உதைத்துப் பார்ப்பேன்,
அவித்த முட்டை விற்கும் பையனிடம்
கால்பந்து பேசுவேன், பிறகு
இருக்கையைச் சாய்த்து ஒரு தூக்கம்.
கற்களின் தலைகளை மட்டும்
வேலிக்கு மேலே கண்டிருக்கிறேன்,
பஸ் வராத நிறுத்தத்தில் நிற்கும் ஆட்களைப்போல.

இன்று வுபித் என் சட்டைக்கையைப் பிடித்து இழுத்தாள்.
டிக்கெட் கிழிக்கும் செப்சிபே எட்டிப் பார்த்து
"அட, உனக்குக் காலும் இருக்கிறதா!
இடுப்புக்குக் கீழே சீட்டுதான் என்று நினைத்தேன்" என்றார்.

பாடம் தானாக வாயில் ஓடியது.
முப்பத்தாறு கற்கள். செதுக்கிய வாள்கள்.
எத்தனை வாளோ அத்தனை பேரைக் கொன்றவன்
என்பார்கள் சிலர்.
அடியில் கிடந்தவர்கள், தோண்டிப் பார்த்ததில்,
பதினெட்டிலிருந்து முப்பதுக்குள்.
கால்களை மடக்கி,
கருவில் கிடப்பதுபோல்

அந்த இடத்தில் எனக்கு வாய் நின்றுவிட்டது.
ஹார்ன் அடித்து மாடு விலக்கிக்கொண்டே
எத்தனை முறை கேட்ட வரி!
இப்போது அதன்மேல் நிற்கிறேன், ஷூவோடு.
வேலிக்கு அப்பால் முட்டைக்காரப் பையன்
கூவுகிறான். வரும் மெஸ்கெரெமில் அவனுக்குப் பதினெட்டு.

பெருநாட்டுப் பெண் நிட்சா ஒரு குறியைக் காட்டினாள்.
"இது என்ன?"
வுபித்தின் பதில் எனக்கு மனப்பாடம்:
யாருக்கும் தெரியாது.
ஆனால் குறி படிப்பதுதானே என் பிழைப்பு.
வளைவு, பள்ளம், பள்ளிக்கூடம், நில்.
இதை வெட்டியவனும் யாருக்கோ ஏதோ சொன்னான்;
வரவேண்டிய வண்டி எப்போதோ கடந்துவிட்டது.

"தெரியாது" என்றேன்.
"ஆனால் அதோ பாருங்கள்,
அந்த வீட்டுக்குப் பின்னால் நிற்கிற என்செத்.
அதன் இலைகள் இப்படித்தான் விரியும்."
எல்லோரும் கல்லைப் பார்த்தார்கள், செடியைப் பார்த்தார்கள்,
மறுபடி கல்லை.
வுபித் என் விலாவில் இடித்தாள்.
காதருகே காற்று: "உறுதியில்லாததைச் சொல்லாதே."
பிறகு அவளும் செடியைப் பார்த்தாள்,
கொஞ்சம் நேரம் அதிகமாகவே.

திரும்பும்போது மஞ்சள் பூ முடிந்த வயல்கள்,
டெஃப் அறுக்கத் தொடங்கியிருந்தார்கள்.
யாருக்கும் எதுவும் விளக்க வேண்டியிருக்கவில்லை.
கண்ணாடியில் பார்த்தேன்:
ஃபின்லாந்துக்காரர் நெற்றியில் வீக்கத்தோடு,
மனைவி அவர் தோளில்,
நிட்சா முழங்காலை மார்போடு மடக்கி,
பக்கத்தில் வுபித்தும் அதேபோல்,
வாய் திறந்து.

அலெம் கெனாவுக்கு முன் வேகத்தடைகள் ஏழு.
வழக்கமாகத் தடதடவென்று தாண்டுவேன்.
இன்று ஒவ்வொன்றுக்கும்
முதல் கியர்.
பின்னால் வந்த லாரி ஹார்ன் அடித்துத் திட்டியது.
திட்டட்டும்.