பழுப்பு நீர்

மேல்விஷாரத்துக்குத் தோல் வாங்க வந்த டங்கன்
போகும்போது கொடுத்த பாட்டிலை
முதலாளி விரல் படாமல்
என் பக்கம் தள்ளினார்.
ஊறல் தொட்டிக்குப் பின்னால்
நானும் சம்பங்கியும் திறந்தோம்.
டிங்சர் வாடை.
“ஆஸ்பத்திரியையா குடிக்கப் போறோம்?” என்றான்.

டங்கன் தன் தீவைக் கைபேசியில் காட்டியிருந்தான்:
மரமில்லாத மேடு, கூரை போன கல்வீடுகள்,
வீட்டுக்குள் புல்.
ஆடு மேய இடம் வேண்டுமென்று
ஆட்களைக் கப்பலேற்றினார்களாம்.
எந்தச் சீமை ஆடும்
எங்கள் சுண்ணாம்பில் மயிர் உதிர்க்கும் என்று
சொல்ல நினைத்தேன்.
அவ்வளவு இங்கிலீஷ் இல்லை.

அங்கே ஓடைக்கு டீத்தண்ணீர் நிறம்.
கரியாகாமல் பாதியில் நின்றுவிட்ட புல்
மண்ணுக்கடியிலிருந்து சாயம் இறக்குகிறதாம்.
அந்தப் புல்லின் புகையும் அந்த ஓடையும்
பீப்பாயில் பன்னிரண்டு வருஷம் தூங்கினால்
இந்த பாட்டில்.

பாலாற்றில் மணல்கூட மிச்சமில்லை,
வெயில் மட்டும்.
கலந்துகொள்ள
போர்வெல் தண்ணீர் பிடித்து வந்தான் சம்பங்கி.
இரண்டு டம்ளரையும் தூக்கிப் பிடித்தோம்.
ஒரே நிறம்.

“நம்மளுது இன்னும் பழைய சரக்குடா” என்றான்,
மாடு முகர்ந்துவிட்டு விலகும் அந்தத் தண்ணீரைக்
கீழே ஊற்றியபடி.

ராவாகவே குடித்தோம்.