காலன் கணக்கு

லீட்ரிமில் நிலம் வாங்க வருகிறவன்
எத்தனை ஏக்கர் என்று கேட்பதில்லை,
எத்தனை காலன் என்பான்.
அந்த ஊர்க் கேலி அது.
நின்ற இடத்தில் பூட்ஸ் இறங்கும். தோண்டினால் களிமண்,
அதன் கீழே இன்னும் நனைந்த களிமண்.
தமிழில் எழுதும்போதுதான் தெரிகிறது
அந்தச் சொல்லுக்குள் இன்னொருவன் நிற்பது.
கிழங்கு கறுத்துப்போன வருஷங்களில்
அவனும் வந்து அளந்து போயிருக்கிறான்.

ஒன்றரை லட்சம் பேருக்கு மேல் இருந்த மாவட்டம்.
பஞ்சம் தொடங்கியதைக் கப்பல்கள் தொடர்ந்தன.
எண்ண எண்ணக் குறைந்து
ஒரு கட்டத்தில் இருபத்தையாயிரம்.

ஸ்லீவ் அன் ஈயரன். இரும்பு மலை என்று பொருள்.
உலைகள் அணைந்தும் பெயரை விடவில்லை.
அந்தப் பக்கத்துச் சரிவுகளில் கல்லாலான வியர்வைக் குடில்கள்:
சதுப்பில் வெட்டிக் காயவைத்த கட்டிகளை உள்ளே எரித்து,
சாம்பலை வழித்துவிட்டு,
முட்டிவாதக்காரர்கள் தவழ்ந்து நுழைவார்கள்.
இப்போது நரி நுழைகிறது.

கடலும் உண்டு. ஏறக்குறைய நான்கு கிலோமீட்டர்.
நெய்தல் பாட ஆரம்பித்தால்
தலைவி பெருமூச்சு விடுமுன்
டோனிகால் வந்துவிடும்.

அசம்ப்டா மக்மோரோ அந்த ஏப்ரலில்
முந்நூற்று எண்பது கதவுகளைத் தட்டினாள்.
சில கதவுகளுக்கு முன்னால் ஊசியிலை மரங்கள்
வரிசையாக, நெருக்கமாக,
டப்ளினில் யாரோ போட்ட முதலீடாக நின்றன.
சன்னல் வழியே பார்த்தால் உள்ளே ஒரு நாற்காலி,
நாற்காலி மேல் பாசி.
'காலி' என்று குறித்தாள். நாற்பத்தோராவது.

கேரிக்கில் ஷானன் ஆற்றுப் படகொன்றில்
பதினொரு பெண்கள், கல்யாணப்பெண் தலையில் ஊதா இறகு.
லிமெரிக்கிலிருந்து கூத்தடிக்க வந்தவர்கள்.
கணக்கு ராத்திரி அங்கேதான் தூங்கினார்கள்,
தூங்கியவரை.
பதினொன்றையும் லீட்ரிமில் ஏற்றினாள்.
விதி அப்படி.

மேனர்ஹாமில்டனுக்கு மேலே கீனி வீடு.
ஒன்பது நாள் பெண் குழந்தை.
மாவட்டத்தில் பிரசவ ஆஸ்பத்திரி கிடையாது,
பிள்ளைகள் ஸ்லைகோவில் பிறந்து வீட்டுக்கு வருகிறவை.
இது மட்டும் ஆம்புலன்ஸில்,
க்ளென்கார் ஏரியோரம்,
அதே ராத்திரி, பன்னிரண்டுக்குப் பத்து நிமிஷம் இருக்கையில்.

"எல்லைப் பலகை தாண்டவே இல்லை" என்றாள் டெர்வ்லா.
"தாண்டியாச்சு" என்றான் யூனன்.
"ரோடு திடீரென்று வழவழப்பானதே."
"வலித்தது எனக்கா, உனக்கா?"

ரோடு எதுவானாலும் விதி ஒன்று:
விடிந்தபோது எங்கே இருந்தார்களோ அங்கே.
தாயும் பிள்ளையும் ஸ்லைகோ படிவத்தில் ஏற்கெனவே ஏறியாயிற்று.

"லிமெரிக்காரிகள் உள்ளே, நாங்கள் வெளியே?"

படகுக் கதையைச் சொல்லியிருக்க வேண்டாம்தான்.
அசம்ப்டா பேனா மூடியைக் கடித்தாள்.
கடைசிப் பக்கத்தில் ஒரு பகுதி உண்டு,
அன்றிரவு வீட்டில் இல்லாத வீட்டார்.
அவளுடைய அண்ணன்கள் மூன்று பேரை
அம்மா ஒரு காலத்தில் அதில்தான் எழுதினாள்,
பிறகு அதிலும் எழுதவில்லை.

"பெயர்?"
"இன்னும் வைக்கவில்லை."
பெயர்க் கட்டத்தில் 'குழந்தை கீனி' என்று எழுதினாள்.
வயது: பூஜ்யம்.
ஊருக்குள் முதல் பதிவே இல்லாதவள் என்று.
டெர்வ்லா அதைத் தலைகீழாகப் படித்தாள்,
ஒன்றும் சொல்லவில்லை,
பிள்ளையை மறு தோளுக்கு மாற்றினாள்.

வெளியே மழை, மழை என்று சொல்லவும் தகாத மழை.
கார் கிளம்பவில்லை.
பின்சக்கரம் நாலு காலன் நிலத்துக்குள்.
யூனன் தள்ளினான். நாய் குரைத்துத் தள்ளியது.
வாசலில் நின்றபடி டெர்வ்லா
ஒரு கையில் பிள்ளை, ஒரு கையில் உத்தரவு:
"இடது, இடது, கோரை மேல் ஏற்று!"

மூன்றாவது தடவையில்,
மனமில்லாமல்,
பெரிய சத்தத்தோடு மண் விட்டது.

அசம்ப்டா கண்ணாடியில் பார்த்தாள்.
யூனன் கை காட்டிக்கொண்டு நின்றான்,
முழங்கால்வரை லீட்ரிம்.