உத்தரவில் இல்லாத பல்

சனிக்கிழமை மூன்று மணியிலிருந்து ஐந்து மணிவரை
நான் அப்பா.
புதுச்சேரி குடும்பநல நீதிமன்றத்தின் கீழ்த்தளம்.
பொம்மைகளைப் பூட்டிவைத்த அலமாரி உள்ள அறை.
சாவி வைத்திருப்பவருக்குச் சனிக்கிழமை விடுமுறை.

மாமனார் வெளியே வேப்பமரத்தடியில்
ஸ்கூட்டரை விட்டு இறங்காமல் உட்கார்ந்திருப்பார்.
ஹெல்மெட்டைக்கூடக் கழற்றமாட்டார்.
பிள்ளையைத் தூக்கிக்கொண்டு ஓடிவிடுவேன் என்று பயம்.
எங்கே ஓட.
திருப்பாதிரிப்புலியூரில் மோட்டாருக்குக் காயில் சுற்றுகிற கடை,
அதற்கு மேலே ஓர் அறை,
எல்லாம் மனுவின் மூன்றாம் பத்தியிலேயே இருக்கிறது.

தமயந்தியின் பதினாறாம் நாள் காரியம் முடிந்ததும்
"ஒரு வாரம் எங்களோட இருக்கட்டும்" என்றார்கள்.
நானும்தான் தலையாட்டினேன்.
அந்த ஒரு வாரம்
பதினான்கு மாதமாக நடக்கிறது.

அவர்கள் வக்கீல் கேட்டார்:
பள்ளிக்கூடம் விட்டு வந்தால் யார் சோறு போடுவது?
வார்னிஷ் நெடியில் பெண்குழந்தை எப்படிப் படிக்கும்?
என் வக்கீல் எழுந்து
இயற்கைப் பாதுகாவலர் என்பதை நான்கு முறை சொன்னார்.
காய்ச்சல் வந்தால்
அவள் எந்தப் பக்கம் திரும்பிப் படுப்பாள் என்று
இரண்டு பேரும் கேட்கவில்லை.
கேட்டிருந்தால்
எனக்கும் இப்போது தெரியாது.

போன சனிக்கிழமை வெயினிக்குப் பல் ஆடியது.
கீழ்வரிசை, முன்பல்.
நாக்கால் தள்ளித் தள்ளிக் காட்டினாள்.
"தாத்தா நூல் கட்டி இழுக்கறேன்னாரு,
நான் கட்டிலுக்கு அடியில பூந்துட்டேன்."
சிரித்துவிட்டேன்.
நாலேகாலுக்கு முறுக்கைக் கடித்தாள்,
நொய்யரிசி போல என் உள்ளங்கையில் விழுந்தது.
கொப்பளிக்கச் சொன்னேன்.
பல்லைப் பேருந்துச் சீட்டில் மடித்துச்
சட்டைப்பையில் வைத்தேன்.
ஐந்தானது.
'குழந்தையை ஒப்படைத்தேன்' என்ற வரிக்கு எதிரே
கையெழுத்துப் போட்டேன்.

ஆல்பேட்டை சோதனைச்சாவடியில் பேருந்து நின்றது.
பாண்டியிலிருந்து வருகிறவன் பையில் வேறென்ன இருக்கும்.
"பாட்டில் இருக்கா?"
"இருக்கு சார்."
"எடு."
எடுத்தேன்.
மூடியில் முயல்காது வைத்த தண்ணீர் பாட்டில்.
அவளிடம் கொடுக்க மறந்திருந்தேன்.
சட்டைப்பையைத் தட்டினார்.
பிரித்துக் காட்டினேன்.
கொஞ்ச நேரம் பார்த்தார்.
"மடிச்சு வை, காத்துல போயிடும்" என்றார்.

ராத்திரி ஒன்பதரைக்குப் போன்.
வக்கீல் இல்லாமல் மாமாவின் குரல்
எத்தனை நாளாயிற்று.
"பல்லு உங்ககிட்டயா?"
"என்கிட்டதான்."
"கூரையில போடணும்னு அழுவுறா."
இரண்டு பேரும் சும்மா இருந்தோம்.
அந்தப் பக்கம் யாரோ டிவியை நிறுத்தினார்கள்.
அவர் வீடு மூன்று மாடி காங்கிரீட்.
எனக்கு மேலே வீட்டுக்காரர் துணி உலர்த்துகிற மொட்டைமாடி.
"அவ அம்மா பல்லை நான்தான் போட்டேன்.
அப்ப முத்தியால்பேட்டையில ஓட்டு வீடு" என்றார்.
வைத்துவிட்டார்.

இந்தச் சனிக்கிழமை
கோர்ட்டில் ஒரு கூரை கண்டுபிடித்தோம்.
மனு தட்டச்சு செய்பவர்களின் ஆஸ்பெஸ்டாஸ் கொட்டகை.
அவளைத் தோளில் ஏற்றினேன்.
வீசியது நுனியில் பட்டுத் திரும்பி
மண்ணில் விழுந்தது.
வேப்பங்கொட்டைகளுக்கு நடுவே குனிந்து தேடினேன்.
ஸ்கூட்டர் ஸ்டாண்டு போடுகிற சத்தம் கேட்டது.
ஹெல்மெட்டோடு குனிந்தால் தெரியாது,
கழற்றினார்.
தலை முழுக்க நரைத்திருந்தது.
தமயந்தி இருந்தபோது சாயம் பூசிவிடுவாள்.

கண்டெடுத்தது அவர்தான்.
என்னிடம் தராமல்
என் தோளில் இருந்தவளிடம் நீட்டினார்.
இரண்டாவது வீச்சில் மேலே போய்
உருண்டு
எங்கோ நின்றது.

ஐந்துக்கு இன்னும் பன்னிரண்டு நிமிடம்.
பதினேழாம் தேதி வாய்தா.
"பக்கத்துப் பல்லும் ஆடுது" என்றாள்,
யாரிடம் என்று இல்லாமல்.