ஏழு விநாடி

பாடாங் செராய் டேவானில் நேற்று
மறுபடியும் நான் வந்தேன்.
தலையில் துண்டு, கையில் பால்வாளி,
இருபத்து மூன்று வயது.
ஏழு விநாடி நடந்தேன், போய்விட்டேன்.
மடக்கு நாற்காலியில் உட்கார்ந்து பார்த்தேன்.

இது நாலாவது படம்.
முதல் படத்தில் நான் நாட்டின் செல்வம்,
பின்னால் பேண்டு வாத்தியம்.
அடுத்ததில் வறுமை. அதே சிரிப்புதான்,
மெதுவாக ஓடவிட்டு வயலின் வைத்திருந்தார்கள்.
மூன்றாவது காய்ச்சலைப் பற்றியது,
அதில் நான் எதற்கென்று இன்னும் விளங்கவில்லை.

ஏன் சிரித்தேன் என்று எவனும் கேட்கவில்லை.
கேமராக்காரன் கால்சட்டைக்குள் அட்டை ஏறி
அவன் ஆடிய ஆட்டம்
எந்தப் படத்திலும் இல்லை.

நேற்று எனக்குச் சாயம் பூசியிருந்தார்கள்.
கைலி சிவப்பாம்.
அது பச்சை. என்னுடையதும் இல்லை.
படம் பிடிக்கிறார்கள் என்று பெரட்டில் சொன்னதும்
இருட்டோடு ஓடி
இருசாயியிடம் இரவல் வாங்கினது.

கடைசியில் பெயர்கள் மேலே ஓடின.
சாப்பாடு கொண்டுவந்தவன் பெயர்கூட இருந்தது.
கண்ணாடியைத் துடைத்து மாட்டிக்கொண்டு காத்திருந்தேன்.
'தோட்டத் தொழிலாளி, 1971.'
செத்துப்போனதாகப் போடவில்லையே, அதுவரைக்கும் சரி
என்றாள் தம்பி பெண்சாதி.

அது போகட்டும்.

இப்போது திரை அகலம்.
அகலத்துக்கு ஆகவேண்டி
மேலும் கீழும் நறுக்கிவிடுகிறார்கள்.
மேலே போனது நாலு கிளை.
கீழே போனது என் முழங்கால், சேறு அப்பின பாதம்,
கைலி ஓரத்தைப் பிடித்திருந்த
ஐந்து விரல்.

பழைய படத்திலும் விரல்தான் தெரியும், ஆள் தெரியாது.
அது பவளக்கொடி.
ஆயாக்கொட்டகைக்குப் போகமாட்டேன் என்று
அன்றைக்கு நிரைவரைக்கும் கூடவே வந்தாள்.
ஸ்டுடியோவுக்குக் கூலிம் போகவேண்டும்,
அடுத்த சம்பளம் வரட்டும் என்று இருந்தோம்.
சம்பளம் வந்தது.

படம் எடுத்த பிள்ளையை வாசலில் பிடித்துக் கேட்டேன்.
மூலச்சுருள் லண்டனில் ஒரு கம்பெனியிடமாம்,
விநாடிக்கு இத்தனை பவுண்டு என்று விலையாம்.
நல்ல பெண். போனிலேயே வெள்ளிக்கு மாற்றி
ஏழால் பெருக்கிக் காட்டினாள்.

ஏழு வேண்டாம் அம்மா,
என் முகமும் வேண்டாம்.
கீழ்ப்பாதி, ஒரு விநாடி.
அதற்கு எவ்வளவு
என்று கேட்டுச் சொல்.