நாற்பது விநாடி மலை

முகூர்த்த மாதங்களில் மொக்கைச்சாமி கல்யாணம் எடுப்பான்.
ஆடியில் மலை எடுப்பான்.
இரண்டுக்கும் ஒரே கேமரா, ஒரே முக்காலி,
ஒலிக்கு நான்.

மேலூர் தாண்டி, வறண்ட கண்மாய்க்கு மேற்கே
பாதி அறுத்த மலை.
மேற்கு முகம் பாளம் பாளமாய்ப் போய்விட்டது,
எவர் வீட்டுச் சமையல் மேடையிலோ
குழம்புச் சட்டி சுமக்க.
கண்மாய் பார்த்த முகத்தில் மட்டும்
தேன்கூடு இன்னும் தொங்குகிறது.

"கதை என்னப்பா?" என்றார்
பணம் போடுவதாக வந்தவர்.
"சாயங்காலம் இந்த மலையோட நெழலு
கம்மாயத் தாண்டி அந்தக் கரைல ஏறுது சார்."
"சரி, அப்புறம்?"
"அப்புறம் இருட்டிரும்."
டீயில் பாதியை வைத்துவிட்டு எழுந்தார்.

கரையில் நடக்க வேண்டிய பெண்ணுக்கு
அன்றைக்கென்று குரூப் ஃபோர் தேர்வு.
ஆடிக்காற்று மைக்கைப் பிய்த்தது.
கொடைக்கானல் போனபோது வாங்கிய ஸ்வெட்டரின்
ஒரு கையை வெட்டி அதற்கு மாட்டினேன்.
"ஒரு நிமிஷம் யாரும் பேசாதீங்க,
எடத்தோட சத்தம் வேணும்."
யாரும் என்றால் அவன் ஒருவன்தான்.
ஹெட்போனில் காற்று வந்தது,
ஆட்டுக்காரர் போனில் முருகன் பாட்டு,
கிரஷர் நின்றபின் காதில் மிஞ்சும் ரீங்காரம்,
காலையில் இருந்து சாப்பிடாத அவன் வயிறு.
கேமரா ஓடிக்கொண்டிருந்தது.
ஆளில்லாக் கரையில் நிழல் ஏறியது.

ஆவணியில் திருமங்கலத்தில் ஒரு கல்யாணம்.
டவுன்ஹால் ரோட்டு மாடியில்
எடிட்டிங் பையன் கார்டை மாற்றிப் போட்டுவிட்டான்.
"என்னய்யா இது, தாலி கட்டுனதும் ஒரு பாறை வருது!"
மாப்பிள்ளையின் சித்தப்பா போனிலேயே
பாக்கிப் பணத்தைப் பிடித்துக்கொண்டார்.

புதிய பென்டிரைவோடு போனோம்.
குற்றத்தைக் காட்டுவதற்காக
டிவியை ஓடவிட்டு உட்கார்ந்திருந்தார்கள், பதினாலு பேர்.
கெட்டிமேளம். அட்சதை. பட்டென்று காற்று.
காலி நாற்காலி போல ஒரு கரை.
"யாரு வரப்போறா?" என்றது தரையில் கிடந்த குழந்தை.
பதில் சொல்ல ஆளில்லை.
அதட்ட வாய் திறந்த சித்தப்பா
டிவிக்குப் பக்கத்தில் போய்க் குனிந்தார்.

"ஏப்பா, இது மேலூர்ப் பக்கம்ல?
பதினோரு வருசம் இதுலதான் லோடு அடிச்சேன்."
கொஞ்சம் கழித்து,
"இதுக்குப் பின்பக்கம் இப்பிடியா இருக்கு?"

நிழல் கரையேறி முடிந்தது.
அடுத்து பந்தி, பாயசம்.
அவர் ரிமோட்டை எடுத்து
ஒருமுறை பின்னால் ஓட்டினார்.
பணம் தந்தாரா என்றால், பாதி தந்தார்.

திரும்பும் பஸ்ஸில்
பெரியார் நிலையம் வரும்வரை அவன் பேசவில்லை.
இறங்கும்போது கேட்டான்:
"காத்துச் சத்தம் சரியா இருந்துச்சா?"

"ஃபேன் ஓடுச்சு. பின்னால இருந்தவங்களுக்குக் கேட்டிருக்காது."
"முன்னால?"
"முன்னால கேட்டுச்சு.
ஒன் வயிறும் கேட்டுச்சு."