இரண்டு கையும்

கொழும்புத் தடாகம்.
நூறு மீட்டர் மார்பு நீச்சல், இறுதிப் போட்டி.
முதலாவதாக வந்தது நான்தான்.
வலக்கை சுவரில் பட்டுவிட்டது,
இடக்கை ஒரு விரற்கடை பிந்தியது.
நடுவரும் ஒற்றைக் கையைத்தான் உயர்த்தினார்.

பதினெட்டு வருசம்.
பிறகு வென்ற பதக்கங்கள்
ஓர்ஸ் ஹில் வீட்டில் தொங்குகின்றன,
துடைப்பதில்லை.
கடையில் மிச்சக் காசைக்கூட
இரண்டு கையாலும் வாங்குகிறவளைப் பார்த்து
மரியாதை தெரிந்தவள் என்கிறார்கள்.
முழங்காலின் உட்புறம் கிழிந்த வருசம்
ஒரு விசில் வாங்கிக் கழுத்தில் போட்டேன்.

டச்சுக் குடாவில் சுவர் ஏது?
இரண்டு மிதவை, நடுவே நைலோன் கயிறு,
கரைப்பக்க முடிவில்
பழைய கதவுப் பலகையைப் பிடித்தபடி
மார்பளவு தண்ணீரில் நான்.
கோயில் மணி கேட்கிற நேரம்
எட்டுப் பிள்ளைகள் தவளைபோல் உதைத்து
என்மேல் வந்து மோதுகிறார்கள்.
"இழு, மூச்செடு, உதை, நீள்.
நீளும்போது பொறு புள்ள,
அவசரப்பட்டால் கடல் உன்னைப் பிடித்துக்கொள்ளும்."

இன்று ஹஸ்னா ஒற்றைக் கையால் தொட்டாள்.
"திரும்பப் போ" என்றேன், முகம் பாராமல்.
போனாள்.
சொறிமுட்டை பட்டுச் சிவந்த தோளோடு வந்தாள்.
மறுபடியும் ஒற்றைக் கை.
அடிவயிற்றிலிருந்து கத்தினேன்:
"மற்றக் கைக்கு என்னடி?"

பொத்தியிருந்ததை விரித்தாள்.
நேற்று என் காதிலிருந்து விழுந்த தோடு.
"அந்த மிதவைக்குக் கீழே கிடந்தது மிஸ்,
தட்டினால் நழுவிடும்."

இரண்டு கையையும் நீட்டினேன்.
பலகை
தன்பாட்டில் மிதந்து போயிற்று.