இரண்டு தட்டு

விண்டர்தூரில் மூன்று வாரம்.
நூற்பு இயந்திரத்தில் ஸ்பிண்டிலின் அதிர்வை
அளந்து எழுதிக் கோவைக்கு அனுப்பும் வேலை.
ஐந்து மணிக்கே இருட்டிவிடும் நவம்பர்.
காசு போட்டுத் துணி துவைக்கும் கடையில்
என் இரண்டு சுடிதார் சுற்றுவதையே பார்த்துச் சலித்த கண்ணுக்கு
சுவரில் ஒரு தாள்:
ஐக்கிடோ. ஒன்றும் தெரியாதவர்களும் வரலாம்.
முதல் நாள் காசில்லை.
காசில்லை என்பதை
அந்த நாட்டில் அன்றுதான் படித்தேன்.

பள்ளிக்கூடத்தின் உடற்பயிற்சி அறை.
இரவல் வெள்ளை உடுப்பு
யாரோ பன்னிரண்டு வயதுப் பையனுடையது,
கெண்டைக்காலோடு நின்றுவிட்டது.
மோதிரம் தோடு சங்கிலி கழற்றச் சொன்னார்கள்.
எல்லோரும் ஒரு கிண்ணத்தில் கலகலவென்று போட்டார்கள்.
என்னிடம் கைக்கடிகாரம் மட்டும்.
மற்றதெல்லாம் கழற்றி ஒன்பது வருடம்.

பயிற்றுநர் உர்ஸ் ஜப்பான் மொழியில் எண்ணினார்.
இச்சி, நி, சான்...
ஒவ்வொரு 'நி'க்கும்
என்னைத்தான் கூப்பிடுகிறாரென்று நிமிர்ந்தேன்.

முதல் பாடம், விழுவது.
நாற்பத்துமூன்று வயதில் இதற்கு ஒரு வகுப்பா
என்று முகவாயை நெஞ்சில் புதைத்து உருண்டேன்,
லாரியிலிருந்து புளிமூட்டை சரிகிற மாதிரி.
மீசையில் மண் ஒட்டவில்லை.
பாயில் மண்ணும் இல்லை, எனக்கு மீசையும் இல்லை.
விழுகிறவளுக்கு அங்கே உக்கே என்று பெயர்.
வாங்கிக்கொள்பவள் என்று அர்த்தமாம்.
தமிழிலும் அடியை
வாங்கத்தானே செய்கிறோம்.

பிறகு ஜோடி சேர்த்தார்கள்.
எனக்கு வாய்த்தவள் தபால் நிலைய ஊழியர்,
ஐம்பத்தெட்டு வயது, நரைத்த கிராப்பு.
பெயர் ரெகுலா அம்மான்.
அம்மானா! சிரிப்பு வந்துவிட்டது.
ஏன் என்று கேட்டாள்.
என் அம்மாவின் தம்பிகள் மூன்று பேரையும்
ஓட்டை ஆங்கிலத்தில் அறிமுகம் செய்துவைத்தேன்.
தலையாட்டிக் கேட்டுக்கொண்டாள்.

அப்புறம் என் மணிக்கட்டைக் காட்டி
பிடிக்கட்டுமா என்றாள்.

பதில் உடனே வரவில்லை.
அந்தக் கேள்விக்கு என்னிடம் பழகிய பதில் இல்லை.

பிடித்தாள். மெல்ல முறுக்கினாள்,
ஊறுகாய் பாட்டில் மூடியைத் திறக்கிற பக்குவத்தில்.
வலித்தால் பாயை இரண்டு தட்டுத் தட்டு,
விட்டுவிடுவேன்.
தட்டினேன். விட்டாள்.
மறுபடி பிடித்தாள். வலி வருமுன்பே
தட்டினேன். விட்டாள்.
அடுத்த முறை விரல் பட்டதும் தட்டினேன்.
விட்டாள்.
முகம் சுளிக்கவில்லை. நடிக்காதே என்று சொல்லவில்லை.
ஏழெட்டுத் தடவை,
தட்ட, விட,
தட்ட, விட.
பாடம் அதுவல்ல. உர்ஸ் தள்ளி நின்று பார்த்தார்,
ஒன்றும் சொல்லாமல் அடுத்த ஜோடிக்குப் போனார்.

பீரோவை, கட்டில் சட்டத்தை,
சமையலறைச் சுவரை
நானும் தட்டியிருக்கிறேன்.
இரண்டுக்கு மேலேயே.

முடியப் பத்து நிமிடம் இருக்கையில்
இன்னும் இறுக்கு என்றேன்.
யோசித்தாள். இறுக்கினாள்.
முப்பது வருடம் பார்சல் தூக்கிய கை.
போதும் என்று எனக்குத் தோன்றும்வரை
தட்டவில்லை.

மறுநாள் காலை ஸ்பிண்டில் பக்கம் குனிந்தபோது
சட்டைக்கை மேலேறியது.
நாலு விரல், நீலமாக.
பேயாட் இயந்திரத்தை நிறுத்தினார்.
கதவைப் பார்த்தார், குரலைத் தாழ்த்தினார்,
யாராவது உன்னை...

இதே நீலத்துக்காகப் பழைய அலுவலகத்தில்
சித்திரை வெயிலிலும் முழுக்கை போட்டுப் போனேன்.
அங்கே ஒருவரும் எந்தக் கதவையும் பார்த்ததில்லை.

அம்மான் பிடித்தது என்றேன்.
தபால்காரி.
கேட்டுவிட்டுத்தான் பிடித்தாள்.

அவருக்குப் புரிந்ததா தெரியாது.
இயந்திரத்தை மறுபடி ஓடவிட்டார்.
வியாழக்கிழமை அடுத்த வகுப்பு.
இந்த முறை காசு உண்டு,
இருபது பிராங்க்.